உறங்கும் பல்

பூண்டு வாங்கும்போது பலரும் தோலின் வெண்மையைப் பார்க்கிறார்கள். நான் அதைத் திருப்பி அடியைப் பார்ப்பேன். வேர் அறுத்த இடத்தில் தட்டையான, காய்ந்த வட்டம் ஒன்று இருக்கும். கட்டைவிரலால் அழுத்தினால் அது அமுங்கக் கூடாது. அமுங்கினாலோ, ஓரத்தில் கருப்பாகப் பொடி உதிர்ந்தாலோ உள்ளே அழுகல் தொடங்கிவிட்டது. வட்டத்தின் விளிம்பில் வெள்ளை வெள்ளையாகப் புடைப்புகள் தெரிந்தால் வேர் விடத் தயாராகிவிட்டது. அதை வாங்கலாம், ஆனால் அந்த வாரத்துக்குள் சமைத்துவிட வேண்டும்.

அந்தச் சிறு வட்டம்தான் பூண்டுச் செடியின் தண்டு. அதன்மேல் சுற்றி உட்கார்ந்திருக்கும் ஒவ்வொரு பல்லும் ஒரு மொட்டு. ஒரு பல்லை நீளவாக்கில் அரிந்து பாருங்கள். வெளியே இருக்கும் சதை முழுக்கத் தடித்துப்போன ஒற்றை இலை. அதன் நடுவில் இளம்பச்சையாக ஒரு குருத்து நிற்கும். பிடுங்கிய புதிதில் அடியோடு அடியாக, இருக்கிறதா என்று தேட வேண்டிய அளவில் இருக்கும். மாதம் செல்லச் செல்ல மேலே ஏறும். பல்லின் முக்கால் உயரத்தைத் தொட்டுவிட்டால் நடுவதற்குப் பதமாகிவிட்டது என்று பொருள். சமையலறையில் கூடையில் கிடக்கும் பூண்டு உயிரோடு இருக்கிறது. வளர்ப்பதும், காப்பதும், சமைப்பதும் அந்த உயிரோடு பழகுகிற மூன்று வழிகள்: எழுப்புவது, உறங்கவைப்பது, காயப்படுத்துவது. இத்தனை வருஷமாக மண்ணிலும் அடுப்படியிலும் பூண்டோடு பழகியதில் நான் தெரிந்துகொண்டது இதுதான்.

நான் பிறந்தது இடுக்கி மாவட்டத்தில் வட்டவடைப் பக்கத்து மலைச்சரிவில். மூணாறிலிருந்து மாட்டுப்பட்டி, குண்டளை, டாப் ஸ்டேஷன் தாண்டி, பாம்பாடும் சோலைக் காட்டுக்குள் புகுந்து இறங்கினால் கோவிலூர் வரும். பழத்தோட்டம், சிலந்தியார், கொட்டக்கொம்பூர் எல்லாம் சுற்றிலும். கடல்மட்டத்திலிருந்து 1,500 மீட்டருக்கும் மேலான உயரம். தட்டுத் தட்டாக வெட்டிய நிலம். பேச்சு தமிழ், பள்ளிக்கூடம் மலையாளம், மலைக்கு அந்தப்பக்கம் கொடைக்கானலும் தேனியும். வாழ்க்கைப்பட்டது பாலக்காட்டின் கிழக்கோரத்தில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம். தென்னை, நிலக்கடலை, கணவாய் வழியாக வீசும் வறண்ட காற்று. பொள்ளாச்சி கூப்பிடு தூரம். இரண்டு ஊரும் கேரளம்தான், இரண்டிலும் தமிழ்தான். ஆனால் பிறந்த வீட்டில் பாத்தி பாத்தியாக விளையும் பூண்டு புகுந்த வீட்டுத் தோட்டத்தில் தலைகீழாக நின்றாலும் தலை கட்டாது.

ஏன் என்பதை விளங்கிக்கொள்ள எனக்குப் பல காலம் பிடித்தது. பூண்டு மத்திய ஆசியாவின் மலைநாட்டுச் செடி. அங்கே கடுங்குளிரில் உறங்கி, பனி உருகி, பகல் நீண்டு வெயில் ஏறும்போது பல் கட்டும். குளிர் பட்டால்தான் அதற்கு உள்ளே ஒரு கணக்குத் தொடங்கும். நீண்ட பகலும் வெப்பமும் வந்தால்தான் அந்தக் கணக்கு முடிந்து, இலை விடுவதை நிறுத்திவிட்டு அடியில் பல்லாகத் திரளும். நமக்கோ பகல் நீளம் வருஷம் முழுக்கப் பன்னிரண்டு மணி நேரத்தை ஒட்டியே இருக்கிறது. ஜூன் மாதத்தில்கூட முக்கால் மணி கூடினால் அதிகம். அப்படியிருக்க வட்டவடையிலும் காந்தல்லூரிலும் கொடைக்கானலிலும் அது விளைவதற்குக் காரணம், குளிர் நன்றாகப் பட்ட பூண்டுக்குப் பகல் அவ்வளவு நீளமாக இருக்க வேண்டியதில்லை. மலையின் குளிர், பகலின் குறையை ஈடுகட்டிவிடுகிறது. அந்த உயரத்தில் பல தலைமுறையாக விளைந்து பழகிய விதையும் வேண்டும்.

மழையும் ஒரு காரணம். மேற்கே மூணாறில் கொட்டும் ஆனி, ஆடி மழை எங்கள் கிழக்குச் சரிவுக்கு வரும்போது சாரலாகிவிடும். காந்தல்லூரும் மறையூரும் இன்னும் வறட்சி. அங்கிருந்து இறங்கும் பாம்பாறு கேரளத்து ஆறுகளில் பெரும்பாலானவற்றைப்போல மேற்கே போகாமல் கிழக்கே ஓடி அமராவதியில் சேர்கிறது. ஈரம் தேங்கினால் பூண்டு அழுகும். குளிர் வேண்டும், ஆனால் சேறு கூடாது. இந்த இரண்டும் சேர்ந்து அமையும் இடம் கேரளத்தில் வேறு அதிகம் இல்லை.

எங்கள் வீட்டில் சித்திரை, வைகாசியில் நட்டு ஆவணி, புரட்டாசியில் பிடுங்குவோம். நடுவதற்கு முன்னால் விதைப்பூண்டைப் பிரித்துப் பொறுக்கும் வேலை பெண்களுடையது. முழுப்பூண்டாக இருக்கும்வரை உறக்கம் கெடாது. பல்லாகப் பிரித்துவிட்டால் அடியில் இருந்து வாடத் தொடங்கும். அதனால் நாளைக்கு நடுவதென்றால் இன்றைக்குத்தான் பிரிப்போம். வெளிச்சுற்றில் இருக்கும் தடிப்பற்கள் விதைக்கு. நடுவில் குச்சியாக ஒட்டிக்கிடப்பவை குழம்புக்கு. தோலை உரிக்கவே கூடாது. அடிவட்டத்தில் ஒரு துணுக்கு பல்லோடு ஒட்டியிருக்க வேண்டும், வேர் அங்கிருந்துதான் வரும்.

நன்றாக மட்கிய சாணமும் இலைமட்கும் போட்டுக் கொத்திப் பொலபொலப்பாக்கிய பாத்தியில், வேர்ப்பக்கம் கீழே, முனை மேலே, இரண்டு விரற்கடை ஆழத்தில் ஊன்றுவது. வரிசைக்கு வரிசை 15 சென்டிமீட்டர், செடிக்குச் செடி 10 சென்டிமீட்டர். தலைகீழாக ஊன்றினாலும் முளைக்கும், ஆனால் குருத்து வளைந்து வருவதிலேயே வலுவை இழக்கும். பூண்டு கோணலாகத் திரளும். களையை முதல் இரண்டு மாதம் விடாமல் எடுக்க வேண்டும். பூண்டின் இலை ஒடுக்கம், நிழல் விழாது, களைக்கு அதைவிடக் கொண்டாட்டம் கிடையாது. கொத்தும்போது ஆழமாகப் போனால் வேர் அறும். யூரியாவை அள்ளிக் கொட்டினால் தாள் செழிக்கும், பல்லுக்குள்ளிருந்து மறுபடி இலை கிளம்பும், பூண்டு வெடித்து நிற்கும். பல் திரளும் காலத்தில் தழைச்சத்தை நிறுத்திவிட வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஒரு ஏக்கருக்கு 200 கிலோவுக்குமேல் விதைப்பூண்டு வேண்டும். மற்றக் காய்கறிகளுக்கு விதை என்பது கைப்பிடிச் செலவு. பூண்டுக்கு அது வீட்டில் இருக்கும் பணத்தையே மண்ணில் புதைக்கிற காரியம். அதனால்தான் பிடுங்கியதிலிருந்து நடுவதுவரை ஏழெட்டு மாதம் அதைக் கெடாமல் காக்கிற வித்தை எங்கள் மலையில் அவ்வளவு முற்றியிருக்கிறது.

கீழிலைகள் காய்ந்து, மேலிலைகள் நுனியிலிருந்து மஞ்சளாகி, தாள் கழுத்தில் துவளும்போது பிடுங்க வேண்டும். அதற்கு இரண்டு மூன்று வாரம் முன்பே தண்ணீரை நிறுத்திவிடுவோம். எல்லா இலையும் காயட்டும் என்று காத்திருந்தால் மேல்தோல் மண்ணிலேயே மட்கிப்போய் பற்கள் பிரிந்து நிற்கும். ஒவ்வொரு பச்சை இலையும் பூண்டின்மேல் ஒரு சுற்றுத் தோல். நான்கைந்து இலை பச்சையாக இருக்கும்போது பிடுங்கினால் நான்கைந்து தோல் காவலுக்கு இருக்கும். பிடுங்கியதைக் கழுவுவதில்லை, தட்டுவதில்லை. எறிந்தால் கன்றிப்போகும், கன்றிய இடத்தில் இரண்டு மாதம் கழித்துப் பூசணம் வரும். மண்ணை உதறி, தாளோடு நிழலில் பரப்பிவிடுவோம். தாளில் இருக்கும் ஈரம் வற்றி, கழுத்து ஒட்டி மூடிக்கொள்ள இரண்டு வாரமாவது வேண்டும். கழுத்து மூடாத பூண்டு வாசல் திறந்த வீடு. பூசணமும் பூச்சியும் அந்த வழியாகத்தான் இறங்கும்.

பிறகு பிடிபிடியாக அதன் தாளாலேயே முடிந்து, அடுப்புக்குமேல் கட்டிய மூங்கில் கழிகளில் தொங்கவிடுவது. கீழே விறகு எரிய எரிய, புகை பூண்டைத் தடவிக்கொண்டே ஓட்டு இடுக்கு வழியாகப் போகும். தோல் பழுப்பேறி, கருத்து, தொட்டால் கையில் கரி ஒட்டும். உள்ளே பல் மட்டும் வெள்ளையாக, கெட்டியாக இருக்கும்.

இதைப் புகை போடும் வேலை என்று மட்டும் நினைத்திருந்தேன். புகையில் பூசணத்தையும் செள்ளையும் தடுக்கும் பொருள்கள் இருக்கின்றன என்பது உண்மைதான். ஆனால் அதைவிட முக்கியமான ஒன்று அங்கே நடக்கிறது. பூண்டின் உறக்கத்தைக் கலைப்பது 5 முதல் 18 டிகிரி வரையுள்ள குளிர்ச்சி. அதற்குமேல் 25, 30 டிகிரியில் காய்ந்த காற்றில் வைத்தால் உறங்கும். உறைநிலையை ஒட்டி வைத்தாலும் உறங்கும். நடுவில் வைத்தால்தான் முளைக்கும். ஐப்பசியிலிருந்து மாசிவரை வட்டவடையில் வீட்டுக்குள் இருக்கும் குளிர் சரியாக அந்த நடு இடத்தில் நிற்கிறது. அறையில் சும்மா குவித்து வைத்தால் தை மாதமே முளைத்துவிடும். அடுப்புக்குமேல் இருக்கும் உலர்ந்த வெதுவெதுப்புதான் அதை உறக்கத்திலேயே நிறுத்துகிறது. நடுவதற்குச் சில வாரம் முன்னால் அப்பத்தா விதைப்பூண்டை அடுப்படியிலிருந்து இறக்கி வடக்குப்பக்கப் பரணுக்கு மாற்றுவாள். அங்கே குளிரும். குருத்து ஏறத் தொடங்கும். “தூங்குறத வாசம் புடிச்சு எழுப்பாதடி, எழுப்புற நேரத்துல நான் எழுப்புறேன்” என்று, நாங்கள் பரணேறிப் பூண்டைக் கிள்ளிப் பார்த்தால் திட்டுவாள். வெப்பமானியும் விஞ்ஞானமும் இல்லாமல் இந்த இரண்டு இடங்களையும் கண்டுபிடித்தவர்கள்மேல் எனக்கு இருக்கும் மரியாதை கொஞ்சமல்ல.

இப்போது மலையிலும் கேஸ் அடுப்பு வந்துவிட்டது. அது நல்லதுதான், கண்ணெரிச்சலும் இருமலும் போனது. என் அண்ணன் வீட்டில் பின்கட்டில் ஒரு விறகடுப்பை விடாமல் வைத்திருக்கிறார்கள், வெந்நீருக்கும் பூண்டுக்கும்.

கொழிஞ்சாம்பாறை வீட்டில் கதை வேறு. இங்கே வெப்பம் தானாகவே இருக்கிறது, அதனால் புகை வேண்டியதில்லை. காற்றோட்டமும் இருட்டும் போதும். தாளோடு வந்த பூண்டைப் பின்னி, அடுப்படிக்கு வெளியே தாழ்வாரத்து விட்டத்தில் தொங்கவிடுகிறேன். தாள் அறுத்த பூண்டு என்றால் மூங்கில் கூடை, அல்லது வெங்காயம் வரும் வலைப்பை. பிளாஸ்டிக் பையில் கட்டி வைப்பவர்களைப் பார்த்தால் எனக்கு மனசு பதறும். பூண்டு மூச்சுவிடும், அந்த ஈரம் பைக்குள்ளேயே தங்கி இரண்டு வாரத்தில் கருப்புப் பூசணம் ஏறும். உருளைக்கிழங்கோடு சேர்த்து வைக்க வேண்டாம், கிழங்கின் ஈரம் இதைக் கெடுக்கும்.

முழுப்பூண்டை ஃபிரிட்ஜில் வைப்பதும் அதே அளவுக்குத் தவறு. சொன்னால் நம்ப மாட்டார்கள். ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டு 5 டிகிரியை ஒட்டி இருக்கும். மலைநாட்டுக் குளிர்காலம் முடிந்துவிட்டது என்று பூண்டு எண்ணிக்கொள்ளும் இடம் அது. வெளியே எடுத்த சில நாளில் பச்சைக் குருத்து தலைநீட்டும். முளைத்த பூண்டு விஷமில்லை. குருத்து கொஞ்சம் கசக்கும், கிள்ளி எறிந்துவிட்டுச் சமைக்கலாம். சதை சுருங்கியிருக்கும், மணம் இறங்கியிருக்கும், அவ்வளவுதான். உரித்த பல்லுக்கு மட்டும் ஃபிரிட்ஜ் சரி: துடைத்து உலர்த்தி, மூடியுள்ள டப்பாவில் ஒரு வாரம். அதற்குமேல் வேண்டுமென்றால் உறைபெட்டியில்.

சமவெளியில் வீட்டுத்தொட்டியில் பூண்டு வளர்க்கலாமா என்று கேட்பவர்களுக்கு நான் உண்மையைச் சொல்லிவிடுவேன். பாலக்காட்டிலோ கோயம்புத்தூரிலோ பல்பல்லாகப் பிரிந்த முழுப்பூண்டை எதிர்பார்க்காதீர்கள். எதிர்பார்க்க வேண்டியது தாள். முளைத்த பற்களை ஐப்பசி, கார்த்திகையில் ஒரு அகலத் தொட்டியில் நெருக்கமாக ஊன்றினால் மூன்று வாரத்தில் வெட்டலாம். ஒரு முறை வெட்டினால் மறுபடி வரும், மூன்றாம் முறை மெலியும். முட்டைப் பொரியலிலும், மோர்க்குழம்பு இறக்கும்போதும், தோசைமாவிலும் அந்தத் தாளை நறுக்கிப் போட்டுப் பாருங்கள். பல்லின் காரம் இல்லாத, பசுமையான பூண்டு மணம். தொட்டியை அப்படியே தைக்குளிர் முடியும்வரை விட்டுவைத்தால் அடியில் பெரும்பாலும் பிரியாத உருண்டை ஒன்று கிடைக்கும். அதுதான் ஒற்றைப் பூண்டு. பல் பிரியும் அளவுக்குக் குளிரும் வளர்ச்சியும் கிடைக்காதபோது செடி தன்னிடம் இருப்பதையெல்லாம் ஒரே உருண்டையாகக் கட்டிவைக்கிறது. அதை மருந்து என்று தனி விலைக்கு விற்கிறார்கள். உரிப்பதற்குச் சுலபம் என்பதைத் தாண்டி அதில் தனிச்சக்தி எதையும் நான் கண்டதில்லை.

இனி அடுப்படி. முழுப் பல்லை மோந்து பாருங்கள், அவ்வளவாக மணக்காது. நசுக்கிய கணத்தில் அறையே மணக்கும். 1944இல் அமெரிக்காவில் செஸ்டர் கவாலிட்டோவும் ஜான் பெய்லியும் அந்த மணத்துக்கும் காரத்துக்கும் உரிய பொருளைப் பிரித்தெடுத்து அல்லிசின் என்று பெயரிட்டார்கள். முழுப்பல்லில் அல்லிசின் கிடையாது என்பதுதான் இதில் சுவை. 1948இல் சுவிட்சர்லாந்தில் ஸ்டோலும் சீபெக்கும் அதன் மூலப்பொருளான அல்லியினைக் கண்டார்கள். அது செல்லின் ஒரு அறையில் இருக்கிறது, அதை மாற்றும் நொதி இன்னொரு அறையில். பூச்சி கடித்தாலோ, நாம் அம்மியில் தட்டினாலோ இரண்டுக்கும் நடுவிலிருக்கும் சுவர் உடைந்து ஒன்றோடொன்று கலந்து, நொடிகளில் அல்லிசின் பிறக்கிறது. உறங்கும் மொட்டு தன்னைத் தின்ன வருபவனுக்கு வைத்திருக்கும் பதிலடி அது. அதைத்தான் நாம் ருசி என்று சப்புக்கொட்டுகிறோம்.

இதைத் தெரிந்துகொண்டால் சமையலில் பாதி விஷயம் புரிந்துவிடும். அந்த நொதி வெப்பத்தில் செத்துவிடும். முழுப்பல்லை நல்லெண்ணெயில் வதக்கினால் சுவர் உடைவதற்கு முன்பே நொதி போய்விடுகிறது. காரம் பிறக்க வழியில்லை, சதையிலிருக்கும் இனிப்பு மட்டும் வெளிவருகிறது. பூண்டுக்குழம்பில் பல் வெண்ணெயாக இனிப்பது இதனால்தான். அதில் பல்லைக் கீறக்கூட வேண்டாம். ரசத்துக்கு நேர்மாறு. மிளகு சீரகத்தோடு தோலோடு தட்டி, உடனே கொதியில் போடாமல் சிறிது நேரம் அப்படியே விடவேண்டும். 2001இல் வெளிவந்த ஒரு அமெரிக்க ஆய்வு, நசுக்கிய பூண்டை 10 நிமிடம் வைத்திருந்துவிட்டுச் சூடாக்கினால் அதன் குணத்தில் ஒரு பகுதி தப்பிக்கிறது என்று காட்டியது. நான் தட்டியதை ஓரமாக வைத்துவிட்டுப் புளி கரைப்பேன், தக்காளி பிசைவேன். அதற்குள் நேரம் சரியாகிவிடும். நுரை கூடும்போது போட்டு இறக்குவது.

மாமியாருடையது கொங்குநாட்டுக் கைப்பக்குவம். கொள்ளு ரசம் அவர் வைத்தால்தான் ரசம். முதல் தடவை எங்கள் மலைப்பூண்டில் வைத்துவிட்டு, “ஏங்கண்ணு, இதுல மூணு பல்லு போட்டாலே போதுமாட்ட இருக்குதே” என்றார். பல் சிறியது, மணம் இறுக்கம், எண்ணெய்ச்சத்து மிகுதி. வடநாட்டு வெள்ளைப்பூண்டு போடும் அளவு போட்டால் துவையல் நாக்கைச் சுடும். அப்படிச் சுட்டால் நசுக்கும்போதே சில துளி எலுமிச்சைச் சாறு விடுங்கள். கடும்புளிப்பில் அந்த நொதி வேலை செய்யாது, காரம் மட்டுப்படும். பொன்னிறத்தைத் தாண்டி வறுக்கவே கூடாது. கருகிய பூண்டின் கசப்பை எந்த வெல்லமும் எடுக்காது.

அண்டையில் பாலக்காட்டு அக்கிரகாரத்துச் சமையலில் பூண்டுக்கு இடமில்லை, பெருங்காயம்தான். அதன் மணமும் கந்தகச் சேர்மங்களால் வருவது. ஆகையால் பூண்டை விலக்கிய அடுப்படியும் மணத்தில் பூண்டுக்கு உறவானதைத்தான் தேடியிருக்கிறது என்று எனக்குத் தோன்றும்.

ஊறுகாய் பற்றி ஒன்று கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். உரித்த பூண்டை வெறும் எண்ணெயில் ஊறப்போட்டு மேசைமேல் வைக்கும் பழக்கம் இப்போது காணொளிகளைப் பார்த்துப் பரவுகிறது. அதைச் செய்யாதீர்கள். பூண்டு மண்ணுக்குள் விளைவது. போட்டுலிசம் நோயை உண்டாக்கும் கிருமியின் வித்துகள் மண்ணில் உண்டு. காற்றுப் புகாத, புளிப்பில்லாத எண்ணெய்க்குள் அது அறைவெப்பத்தில் பெருகி நஞ்சு கக்கும். நிறமோ நாற்றமோ காட்டிக்கொடுக்காது. 1985இல் கனடாவின் வான்கூவரில் ஒரு உணவகத்தில் எண்ணெயில் போட்ட நறுக்கிய பூண்டால் 30 பேருக்குமேல் நோயுற்றார்கள். நம் பாட்டிமார் ஊறுகாயில் புளியோ எலுமிச்சையோ உப்போ கைதாராளமாக இருப்பது ருசிக்காக மட்டும் அல்ல. அந்தப் புளிப்பில் இந்தக் கிருமி வளராது. புளிக்கரைசலில் பூண்டை நன்றாக வேகவிட்டு, எண்ணெய் பிரியும்வரை சுண்டவைத்து, பிறகு ஜாடியில் போடுங்கள். எலுமிச்சையிலோ வினிகரிலோ போட்ட பூண்டு சில சமயம் பச்சையாக, நீலமாக மாறும். குளிரில் இருந்த பூண்டில் அது அதிகம் நடக்கும். பயப்பட வேண்டாம், தாராளமாகச் சாப்பிடலாம்.

பிள்ளை பெற்றவளுக்குப் பூண்டு லேகியம், பால் கூடுவதற்குப் பூண்டுப்பால் என்று இரண்டு ஊரிலும் வழக்கம் உண்டு. நானும் கிண்டிக் கொடுத்திருக்கிறேன், மறையூர்ச் சர்க்கரையில். உடம்புக்கு இதமான உணவு என்று அதைச் சொல்வேன், மருந்து என்று சொல்லமாட்டேன். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுபவர்கள் பச்சைப்பூண்டை மிகுதியாகத் தின்னும் முன் மருத்துவரிடம் கேட்க வேண்டும். பச்சைப்பூண்டை அரைத்துக் குழந்தை உடம்பில் பற்றுப் போடுவது வேண்டவே வேண்டாம், தோல் வெந்துபோகும்.

2019இல் கொடைக்கானல் மலைப்பூண்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. 2022 டிசம்பரில் காந்தல்லூர்–வட்டவடை வெளுத்துள்ளிக்கும் (பூண்டுக்கு மலையாளப் பெயர்) கிடைத்தது, பாலக்காட்டின் அட்டப்பாடித் துவரை, அட்டப்பாடி ஆட்டுக்கொம்பு அவரை முதலியவற்றோடு சேர்ந்து. என் இரண்டு மாவட்டங்களின் விளைச்சலும் ஒரே அறிவிப்பில் வந்தது எனக்குப் பெருமையாக இருந்தது. ஆனால் பூண்டு மூட்டை இன்றும் பெரும்பாலும் மலையிறங்கி, பெரியகுளத்தை ஒட்டிய வடுகபட்டிச் சந்தைக்குத்தான் போகிறது. வாங்குபவர்களுக்கு மலைப்பூண்டின் அருமை தெரிந்த இடம் அது. அங்கே விதைக்கென்று போகும் பூண்டுக்கு ஒரு விலை, சமையலுக்குப் போவதற்கு ஒரு விலை. நடவு நேரத்தில் விதை விலை ஏறும்போது, வீட்டில் தொங்குவதையெல்லாம் இறக்கி விற்றுவிடத் தோன்றும். விதைக்கும் உரத்துக்கும் முன்பணம் வாங்கியிருந்தால் தோன்றுவது மட்டுமல்ல, வேறு வழியும் இருக்காது. சரிவுகள் பலவற்றில் கிராண்டிஸ் என்ற யூகலிப்டஸ் மரம் ஏறி, ஊற்றுகள் வற்றி, பூண்டுத் தட்டுகள் குறைந்திருப்பதும் சேர்ந்துகொள்கிறது.

இதில் எனக்கு உள்ள பெரிய கவலை விதை. நெல்லையும் கத்தரியையும்போலப் பூண்டு விதை கொடுப்பதில்லை. பூத்தாலும் மலட்டுப் பூ. ஜப்பானியர் டகேயோமி எட்டோ 1980களில் மத்திய ஆசியாவில் விதை பிடிக்கும் பூண்டுகளைக் கண்டார் என்பது உண்மை. ஆனால் நம் பாத்திகளில் நிற்பதெல்லாம் ஒரே பல்லின் வழிவழி வந்த பல்தான். அதைப் பொட்டலத்தில் போட்டு விதை அலமாரியில் வருஷக்கணக்கில் வைக்க முடியாது. வருஷாவருஷம் நட்டாக வேண்டும். நச்சுயிரி ஒட்டிக்கொண்டால் அதுவும் பல்லோடு பல்லாக அடுத்த வருஷத்துக்கு வரும். ஆகவே பிடுங்கும் நாளிலேயே, விற்கப் போகும் குவியலைத் தொடுமுன், நல்ல வலுவான செடிகளாகப் பார்த்து விதைக்கென்று தனியே கட்டிவிட வேண்டும். விற்றது போக மிஞ்சிய பொடிப்பூண்டை நட்டால் சில வருஷத்தில் எல்லாம் பொடிப்பூண்டாகிவிடும். இலையில் மஞ்சள் கோடு ஓடிய செடியை எவ்வளவு பெரிதாக இருந்தாலும் விதைக்கு எடுக்காதீர்கள். வெளியூர்ச் சந்தையில் சமையலுக்கு விற்கும் பூண்டை வாங்கி மலை நிலத்தில் ஊன்றவும் வேண்டாம். வெள்ளை அழுகல் பூசணம் அதோடு வந்து சேர்ந்தால், அதன் முடிச்சுகள் மண்ணில் 20 வருஷத்துக்குமேல் உயிரோடு கிடக்கும்.

போன புரட்டாசியில் அண்ணன் மகள் கழியில் பூண்டு கட்டும்போது, விதைக்கானவற்றில் மட்டும் சிவப்புத் துணி முடிந்து வைத்தாள். கடன்காரர் வந்து கேட்டாலும் அதை இறக்குவதில்லை என்று வீட்டில் பேசிவைத்திருக்கிறார்கள். வைகாசியில் நட அது போதும்.